குளத்து மண் ஒரு பிடி

"குளத்து மண் கிடைக்காட்டி என்ன? ஆத்து மண்ணைக் கறுப்பாக் குழைச்சு வெச்சா யாருக்குத் தெரியப் போகுது?"

நாணலுக்கு அந்தப் பக்கம் யாரோ சொன்னது கயலியின் காதில் விழுந்தது. கயலி ஒரு நீர்நாய். மூக்கை மட்டும் தண்ணீருக்கு மேலே நீட்டிக்கொண்டு சும்மா மிதந்துகொண்டிருந்தது. குரல் நரி மந்திரி நாவனுடையது. பக்கத்தில் காட்டுப்பன்றி உறுமிச் சிரித்தது.

கயலி சத்தமில்லாமல் தண்ணீருக்குள் அமிழ்ந்தது.

அந்தக் காட்டுக்கு ராஜா யானை. ஆனால் சட்டம் போடுவது ராஜா இல்லை. மலை, புல்வெளி, ஆற்றங்கரை, குளம் என்று காட்டுக்குள் நான்கு நாடுகள். நான்குக்கும் தனித்தனிச் சபை. தங்கள் மண்ணையும் தண்ணீரையும் அந்தந்தச் சபையே பார்த்துக்கொள்ளும். பொதுக் காரியங்களுக்கு இலுப்பை மரத்தடியில் பெரிய சபை கூடும். அங்கே முடிவானதும் ஈரக் களிமண்ணில் ஒரு பலகை தட்டி வைப்பார்கள். ராஜா அதன்மேல் கால் தடம் பதித்தால் சட்டம்.

ஒரு நாட்டின் மண்ணையோ தண்ணீரையோ தொடுகிற சட்டம் என்றால், அந்த நாட்டுச் சபை சம்மதித்துக் கொடுத்த ஒரு பிடி மண் அந்தப் பலகையில் இருக்க வேண்டும். ராஜா மறுக்கக் கூடாது. தடம் பதிக்கும் முன் ஒரே ஒரு கேள்வி கேட்கலாம். அவருக்கு இருந்த உரிமை அவ்வளவுதான்.

ஒன்பது வருஷமாக ராஜா ஒரே கேள்வியைத்தான் கேட்டு வந்தார். "எல்லாரும் சாப்பிட்டாச்சா?"

"ஆச்சு ராஜா" என்று சபை சொல்லும். தொம் என்று கால் விழும்.

அந்தக் கோடையில் புல்வெளியின் ஊற்று வற்றிவிட்டது. மான்கள் நாக்கு வறண்டு தவித்தன. குளத்துக் கரையை உடைத்துத் தண்ணீரைப் புல்வெளிக்குத் திருப்பலாம் என்று நாவன் பெரிய சபையில் சொன்னது. புல்வெளிக்கு உறுப்பினர்கள் அதிகம். வால்கள் எல்லாம் மளமளவென்று உயர்ந்தன. குளத்தின் சார்பில் அங்கே இருந்தது கயலி ஒன்றுதான். நாலு பேர் முன்னால் அதற்கு வாய் வராது. அன்றும் வரவில்லை. எப்படியும் குளத்துச் சபையிடம் மண் கேட்டுத்தானே வர வேண்டும், அங்கே பார்த்துக்கொள்ளலாம் என்று இருந்துவிட்டது.

இப்போது கேட்கவே போவதில்லை என்று தெரிந்துவிட்டது. உடைக்கப்போகிற கரையில்தான் கயலியின் வளை இருந்தது. உள்ளே கண் திறக்காத மூன்று குட்டிகள்.

கயலி மூங்கில் காட்டுக்கு ஓடியது. ராஜா குருத்து ஒடித்துத் தின்றுகொண்டிருந்தார்.

"என்னம்மா, இப்படி மூச்சு வாங்குது?"

கயலி கேட்டதையெல்லாம் திக்கித் திணறிச் சொன்னது. "நாளைக்கு நீங்க காலை வைக்காதீங்க ராஜா. அது போதும்."

ராஜா குருத்தைக் கீழே வைத்தார். "நான் மறுக்க முடியாதும்மா."

"பொய் மண்ணுன்னு தெரிஞ்சுமா?"

"இன்னிக்கு ஒரு நல்லதுக்காக நான் மறுத்தா எல்லாரும் சரின்னுதான் சொல்லுவாங்க. நாளைக்கு என் மகன் இந்த இடத்துக்கு வருவான். தனக்குப் பிடிக்காததை எல்லாம் மறுப்பான். அப்புறம் உங்க சபை எதுக்கு? இலுப்பைப்பூ பொறுக்கவா?"

"அப்ப என் குட்டிங்க?"

ராஜா காதை மெல்ல அசைத்தார். "எனக்கு ஒரு கேள்வி இருக்கு. அதைக் கேக்கறேன். பதில் சபையிலேருந்துதான் வரணும்."

"சபையில யாரு ராஜா சொல்லுவா?"

ராஜா கயலியையே பார்த்தார். கயலிக்குப் புரிந்தது. கரை உடைவதைவிட இது பெரிய பயமாக இருந்தது.

மறுநாள் காலை சபை கூடியது. களிமண் பலகை தயாராக இருந்தது. ஒரு ஓரம் புல்வெளியின் செம்மண். மறு ஓரம் கறுப்பு.

"வெயில் ஏறுது ராஜா, தடம் பதிச்சிருங்க" என்றது நாவன்.

"எல்லாரும் சாப்பிட்டாச்சு" என்று காட்டுப்பன்றி முந்திக்கொண்டு சொன்னது. சபை சிரித்தது.

ராஜா சிரிக்கவில்லை. "இதுல குளத்து மண் எது?" என்று கேட்டார்.

எல்லாரும் பலகைப் பக்கம் கழுத்தை நீட்டினார்கள்.

"இதோ, இந்தக் கறுப்பு" என்றது நாவன் கூசாமல்.

ராஜாவின் கேள்வி முடிந்துவிட்டது. இனி அவர் கேட்க முடியாது. பெரிய கால் மெதுவாக மேலே எழுந்தது.

"இருங்க!"

யார் கத்தியது என்று எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள். கயலியே ஒரு கணம் திரும்பிப் பார்த்தது. பிறகு முன்னே வந்து, கறுப்பு மண்ணில் ஒரு சிட்டிகை கிள்ளி விரல்களுக்கிடையில் தேய்த்தது.

"இது நறநறங்குது. ஆத்து மணல். எங்க வண்டல் வெண்ணெய் மாதிரி வழுக்கும், தாமரைக் கிழங்கு வாசம் வரும். யாரு வேணும்னாலும் மோந்து பாருங்க. குளத்துச் சபையை யாரும் மண் கேக்கல."

கரடி மோந்தது. மயில் மோந்தது. "சாணமும் கரியும்" என்றது மயில், முகத்தைச் சுளித்துக்கொண்டு.

"நான் குழைக்க மட்டுந்தான் செஞ்சேன்" என்றது காட்டுப்பன்றி.

நாவன் விடவில்லை. "மான் குட்டிங்க சாகுது. இப்பப் போயி மண்ணு வாசம் பாக்கறீங்களா?"

அப்போது ஒரு பெண் மான் எழுந்தது. "தாகம் எங்களுக்குத்தான் மந்திரி. ஆனா கேக்காம எடுத்துக் குடுங்கன்னு நாங்க சொல்லலியே."

பலகையைக் கலைத்தார்கள். அன்று மத்தியானமே குளத்துச் சபை கூடியது. தவளைகள் ஒரே சத்தம் போட்டன. கொக்கு இரண்டு தடவை கோபித்துக்கொண்டு பறந்துபோய்த் திரும்பி வந்தது. கடைசியில் ஆமை சொன்னது: "கரையை உடைச்சா நமக்கும் இல்லை, அவங்களுக்கும் இல்லை. ரெண்டே நாள்ல எல்லாம் வடிஞ்சு போயிரும். தெக்கால தாழ்வா இருக்கே, அங்க என் முதுகு அகலத்துக்கு ஒரு வாய்க்கால் வெட்டினா மழை வர்ற வரைக்கும் ஓடும். முதல்லயே கேட்டிருந்தா அன்னிக்கே குடுத்திருப்போமே."

பெரிய சபையும் அதற்கு ஒப்புக்கொண்டது. பலகையில் தடம் விழுந்ததும் வாய்க்காலைக் காட்டுப்பன்றி தோண்டுவது என்று முடிவானது. வெட்டிய மண்ணை நாவன் வாயால் கவ்விக் கவ்வி அப்புறப்படுத்த வேண்டும். தலை எண்ணிக்கை ஒரு முடிவை எடுக்கலாம், ஆனால் உரியவரைக் கேட்டுப் பெற்ற சம்மதம்தான் அதை நிலைக்க வைக்கும் என்பதைக் காடு அன்று தெரிந்துகொண்டது.

சாயங்காலம் புதிய பலகை தட்டினார்கள். கயலி வளைக்குள் எட்டிப் பார்த்தது. மூன்றும் ஒன்றன்மேல் ஒன்று ஏறித் தூங்கிக்கொண்டிருந்தன. அது குளத்தில் மூழ்கி ஒரு பிடி வண்டல் அள்ளி வந்து, பலகையில் வைத்துத் தன் கையாலேயே பிசைந்தது.

ராஜா சபையைச் சுற்றிப் பார்த்தார்.

"எல்லாரும் சாப்பிட்டாச்சா?"

"ஆச்சு ராஜா" என்று எல்லாருக்கும் முன்னால் கயலி சொன்னது.

ராஜா காலைத் தூக்கி, தொம் என்று வைத்தார்.