முள் வேலியும் ஸ்ட்ராபெரிக் கொடியும்

கிட்ட வந்து உட்காருங்கள். இன்னும் கொஞ்சம் கிட்ட. காலை நீட்டாதே தம்பி, முன்னால் இருக்கிற பிள்ளை முதுகில் இடிக்கிறது பார். ஆங், இப்போது சரி.

ஒரு காட்டில், பனி இறங்குகிற மலைக்காட்டில், ஒரு முள்ளம்பன்றி இருந்தான். பெயர் முள்ளப்பன். அவனைப் போல ஒரு கஞ்சனை நீங்கள் பார்த்திருக்க மாட்டீர்கள். உடம்பிலிருந்து உதிர்ந்த முள்ளைக்கூட வீசமாட்டான். பொறுக்கிக் கொண்டுபோய் வளைக்குள் அடுக்கி வைப்பான்.

காட்டு ஓரத்தில் ஒரு பங்களா. அங்கே யாரோ தொட்டியில் ஸ்ட்ராபெரி வளர்த்தார்கள். வீடு மாறிப் போகும்போது தொட்டியை எடுத்துக்கொண்டு, செடியைக் காட்டுப் பக்கம் கொட்டிவிட்டுப் போய்விட்டார்கள்.

கிழங்கு தேடி வந்த முள்ளப்பன், அந்தச் செடியின் வேரைக் கடிக்க வாயைத் திறந்தான். இலைக்கு அடியில் ஒரு பழம்! சிவப்பாக, மேலெல்லாம் பொடி விதை ஒட்டிக்கொண்டு. வேரை விட்டுவிட்டுப் பழத்தைக் கடித்தான். அவ்வளவுதான், கண் சொருகிவிட்டது.

காட்டிலும் அந்தப் பழம் உண்டுதான். ஆனால் அது சுண்டைக்காய் அளவு, தின்றால் தண்ணீரைத் தின்ற மாதிரி இருக்கும். இதுவோ கட்டைவிரல் பருமன். தேன் மாதிரி ஒரு இனிப்பு, முடிவில் ஒரு சின்னப் புளிப்பு.

முள்ளப்பன் செடியைப் பூப்போலக் கவ்விக்கொண்டு வந்து தன் வளை வாசலில் நட்டான். சேர்த்து வைத்திருந்த முள்ளையெல்லாம் எடுத்துச் சுற்றிலும் குத்தி வேலி போட்டான். செடி தழைத்துப் பூத்தது. பூவெல்லாம் காயாகி, காயெல்லாம் சிவந்தது. வாசனை காற்றில் ஏறிப் பக்கத்து நாவல் மரத்துக்குப் போனது.

அந்த மரத்தில் கொறிச்சி என்ற அணில் இருந்தாள். கெட்டிக்காரி. அவளுக்கு மொச்சை, துவரை என்று இரண்டு பிள்ளைகள். இரண்டும் மூக்கைத் தூக்கிக்கொண்டு நின்றன.

"அம்மா, என்ன வாசனை இது? வயிறெல்லாம் என்னமோ செய்யுது."

கொறிச்சி கீழே இறங்கி வேலி ஓரம் போனாள்.

"மாமா, பிள்ளைங்க ஆசைப்படுதுங்க. ஒரு பழம் கொடுங்களேன்."

"ஒண்ணு கொடுத்தா நாளைக்கு இன்னொண்ணு கேப்பே. போ, போ."

"பாதி?"

"பாதியைக் கொடுத்துட்டு மீதிப் பாதியைப் பார்த்துக்கிட்டு உட்கார்ந்திருக்கணுமா நான்?"

"காம்பையாவது கொடுங்க மாமா. மோந்து பார்க்கட்டும்."

"காம்பும் என்னோடதுதான்" என்று சொல்லி, அதையும் வாயில் போட்டு மென்றான் முள்ளப்பன்.

கொறிச்சி வெறுங்கையோடு மரம் ஏறினாள். பிள்ளைகள் அவள் கையைப் பார்த்தன, பிறகு முகத்தைப் பார்த்தன. அவளுக்குத் தாங்கவில்லை.

"அழக்கூடாது. நம்ம வாசல்லயே இந்தப் பழம் பழுக்கும், பாருங்க" என்றாள்.

சொல்லிவிட்டாள். எப்படிப் பழுக்கும் என்று அவளுக்கே தெரியாது. ஆனாலும் பிள்ளைகளிடம் கொடுத்த வாக்கு ஆயிற்றே, அதை விழுங்கிவிட முடியுமா?

இதற்கிடையில் முள்ளப்பனுக்கு ஒரு தலைவலி வந்தது. முள்ளம்பன்றிக்குப் பகலெல்லாம் தூக்கம். கொண்டைக்குருவிகளுக்கோ பகலெல்லாம் பசி. இவன் பொழுது சாய எழுந்து வந்து பார்த்தால், பழத்துக்குப் பழம் ஓட்டை!

"ஐயோ, என் பழம் போச்சே!" என்று அவன் போட்ட சத்தத்தில் நாவல் மரமே அதிர்ந்தது.

கொறிச்சி எட்டிப் பார்த்தாள். "நான் பகல்ல காவல் இருக்கட்டுமா மாமா?"

முள்ளப்பன் சந்தேகமாகப் பார்த்தான். "கூலியா எத்தனை பழம் கேப்பே?"

"பழமே வேண்டாம்" என்றாள் கொறிச்சி. வாய் இங்கே பேசியது, கண் செடியின் அடியில் இருந்தது. அங்கே நூல் மாதிரி ஒரு கொடி கிளம்பி, நுனியில் குட்டி இலையோடு எதையோ தேடுகிற மாதிரி ஊர்ந்துகொண்டிருந்தது. அது ஈரமண்ணைத் தொட்ட இடத்தில் வெள்ளையாக முடிபோல வேர். அதைப் பார்த்துவிட்டுச் சொன்னாள். "இந்த வேலிக்குள்ளே இருக்கிறதெல்லாம் உங்களோடது. வேலியைத் தாண்டி வெளியே வர்றது மட்டும் எனக்கு. எதுவானாலும்."

"வெளியே என்ன வரப்போகுது? காத்தடிச்சாத் தூசி வரும், காஞ்ச இலை வரும்" என்று முள்ளப்பன் குலுங்கிச் சிரித்தான். "எதுவானாலும் நீயே எடுத்துக்கோ தாயே!"

"நான் கேட்டேன்! நான் கேட்டேன்!" என்று புதருக்குள்ளிருந்து ஒரு குரல். கூவாயி என்கிற காட்டுக்கோழி. எதையும் வயிற்றில் வைத்துக்கொள்ளத் தெரியாதவள். இருட்டுவதற்குள் காடு முழுக்கச் சொல்லி முடித்துவிட்டாள்.

கொறிச்சி காவலுக்கு வந்தாள். கொண்டைக்குருவி இறங்கினால் வாலை விசிறிக்கொண்டு கத்துவாள். பழம் மண்ணில் பட்டு அழுகாமல் இருக்கக் காய்ந்த புல்லைக் கொண்டுவந்து அடியில் மெத்தை மாதிரி பரப்பினாள். மூக்குக்கு நேரே பழம் சிவந்து தொங்கும். முகத்தைத் திருப்பிக்கொள்வாள்.

பிள்ளைகள் வேலிக்கு வெளியே நின்று நச்சரிக்கும்.

"அம்மா, ஒரு பழம் விழுந்திருக்கு, எடுக்கட்டுமா?"

"வேலிக்குள்ளே விழுந்தது மாமாவோடது."

"வெளியே விழுந்தா?"

"நம்மளோடது."

"அப்ப, ஒரு தட்டுத் தட்டிவிடட்டுமா?"

"வாலை முறிச்சிடுவேன், கழுதை!"

பழக்காலம் ஓய்ந்தது. மழை வந்தது. மழையில் நனைந்த செடிக்கு எங்கிருந்து அவ்வளவு வேகம் வந்ததோ, நாலா பக்கமும் கொடிவிட ஆரம்பித்தது. கொறிச்சி ஒவ்வொரு கொடியாகப் பிடித்து, முள்ளுக்கும் முள்ளுக்கும் நடுவே இருந்த சந்து வழியாக மெல்ல வெளியே இழுத்தாள். நுனி மண்ணில் படுகிற இடத்தில் ஒரு கூழாங்கல்லைத் தூக்கி வைத்தாள், காற்றில் ஆடாமல் இருக்க. வேர் பிடித்து இலை நிமிர்ந்ததும், தாய்ச்செடிக்கும் பிள்ளைச்செடிக்கும் நடுவே இருந்த கொடியைப் பல்லால் கடித்துத் துண்டித்தாள்.

மழை விட்டதும் முள்ளப்பன் வெளியே வந்தான். வேலியைச் சுற்றி வரிசையாகக் குட்டிக் குட்டி ஸ்ட்ராபெரிச் செடிகள்! அவன் முள்ளெல்லாம் சிலிர்த்துக்கொண்டது.

"திருடி! என் செடியோட பிள்ளைங்களை என்ன பண்ணி வச்சிருக்கே?"

"வெளியே வந்தது எனக்குன்னு நீங்கதானே மாமா சொன்னீங்க?"

"நான் தூசியைத்தான் சொன்னேன்!"

"இல்லே, இல்லே!" என்று குதித்துக்கொண்டு வந்தாள் கூவாயி. "எதுவானாலும்னு சொன்னீங்க. தாயேன்னுகூடச் சொன்னீங்க. சிரிச்சுக்கிட்டே சொன்னீங்க!"

முள்ளப்பன் ஒரு குட்டிச் செடியைப் பிடுங்கக் காலைத் தூக்கினான். மொச்சையும் துவரையும் அம்மாவின் வாலுக்குள் ஒளிந்துகொண்டன. அவன் பிடுங்கிவிட்டால் பிள்ளைகளுக்குக் கொடுத்த வாக்கும் அதோடு போச்சு.

தூக்கிய கால் அப்படியே நின்றது. கஞ்சன்தான் முள்ளப்பன், ஆனால் சொன்னதைச் சொல்லவில்லை என்று சாதிக்கிற ஆள் இல்லை. காலைக் கீழே வைத்தான்.

"போனது போகட்டும். இனிமே ஒரு கொடிகூட வெளியே வராது" என்று உறுமிவிட்டு, வேலிக்குள் போனான். மண்ணை வாரி வாரித் தாய்ச்செடியின் தலைமேல் போட ஆரம்பித்தான். இலையைப் போட்டான், அதன்மேல் இன்னும் மண்ணைப் போட்டான்.

"மாமா, மாமா! நடுக்குருத்தை மூடாதீங்க. அது மூச்சுவிட வேண்டாமா? அழுகிடும்!" என்று கத்தினாள் கொறிச்சி.

"உன் தந்திரம் எனக்குத் தெரியும்!" என்று சொல்லி, மேலே ஏறி மிதித்தும் விட்டான்.

பனி வந்தது. பனி விலகி வெயில் ஏறியது. கொறிச்சியின் செடிகளில் வெள்ளை வெள்ளையாகப் பூ. பிறகு காய். பிறகு ஒருநாள் காலையில் மொச்சை போட்ட கூச்சலில் கூவாயியே பயந்துவிட்டாள். பழம்! இரண்டு பிள்ளைகளும் முகமெல்லாம், காதெல்லாம் சிவப்பாக அப்பிக்கொண்டு தின்றன. கூவாயிக்கும் பங்கு கிடைத்தது. அன்றைக்கு ஒருநாள்தான் அவள் வாயைத் திறக்கவில்லை.

வேலிக்குள்ளே? முள்ளப்பன் மண்ணைத் தோண்டிப் பார்த்தபோது, செடி இருந்த இடத்தில் கறுப்பாக ஒரு கூழ்தான் இருந்தது. அதைப் பார்த்துக்கொண்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தான். பிறகு, சாய்ந்திருந்த ஒரு முள்ளை நிமிர்த்தி வேலியைச் சரிசெய்தான்.

பழம் ஓய்கிற சமயம், ஒரு மாலையில் துவரை கேட்டாள். "அம்மா, மாமா ஏன் வெறும் மண்ணைச் சுத்திக் காவல் காக்கிறாரு?"

துவரை ஒரு பழத்தை உருட்டிக்கொண்டு போய், சந்து வழியாக உள்ளே தள்ளிவிட்டு ஓடி வந்தாள். முள்ளப்பன் இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் பார்த்தான். பார்க்காத மாதிரி எல்லோரும் வேறு பக்கம் திரும்பிக்கொண்டார்கள். பழத்தைத் தின்றான், காம்போடு. மூக்கை உறிஞ்சுகிற சத்தம் கேட்டது.

"இன்னொண்ணு கொடுக்கட்டுமா அம்மா?"

"கொடு. ஆனா, அது தின்னதும் தீர்ந்துடும்" என்றாள் கொறிச்சி.

மறுநாள் பகலில் முள்ளப்பன் வளைக்குள் குறட்டை விட்டுக்கொண்டிருந்தான். கொறிச்சியின் செடிகள் அப்போதுதான் கொடிவிட ஆரம்பித்திருந்தன. இருப்பதிலேயே கொழுத்த கொடியாக ஒன்றைத் தேடிப் பிடித்தாள். முள்ளுக்கும் முள்ளுக்கும் நடுவே, அதே சந்து வழியாக, இந்த முறை உள்பக்கமாக மெல்லத் தள்ளினாள். தானும் உள்ளே நுழைந்து, கொடியின் நுனியை ஈரமண்ணில் படியவைத்தாள். குருத்து மண்ணுக்கு மேலே இருக்கிறதா என்று ஒருமுறைக்கு இருமுறை பார்த்துக்கொண்டாள். அதன்மேல் ஒரு கூழாங்கல்லைத் தூக்கி வைத்துவிட்டு, சத்தம் போடாமல் மரம் ஏறினாள்.

நீதி: யாருக்கும் கொடாமல் மூடி வைத்தது மண்ணுக்குள்ளேயே அழுகும், அடுத்தவர் வாசலில் வேர்விட்டதுதான் ஒருநாள் நம் வாசலுக்குத் திரும்பி வரும்.