திருப்பிப் போட்ட படம்

ரெஜினா ஆவணப்பட எடிட்டர். அவரிடம் தொழில் கற்க வந்த மாசிலாமணி வெகுகாலம் பத்திரிகை நிருபராக இருந்தவர். சிஷ்யருக்கு வயது கூட என்பதால் குருவே அவரை ‘சார்’ என்று கூப்பிடும்படி ஆகிவிட்டது.

அப்போது ஒரு பழைய புயலைப் பற்றிய படம் கையில் இருந்தது. கடலோரக் குப்பம் ஒன்று அழிந்த கதை. அந்தக் குப்பத்திலேயே சனிக்கிழமை திரையிட ஏற்பாடாகியிருந்தது.

அதில் அந்தோணிராஜ் என்பவர் பேசியிருந்தார். “எனக்கு அப்ப நாலு வயசு. யாரோ தூக்கிட்டு வந்து காப்பாத்தியிருக்காங்க. என்னைக் குடிசையில விட்டுட்டு எங்கம்மா ஓடிட்டாங்கன்னு சொல்லித்தான் வளத்தாங்க. அதுக்கப்புறம் அவங்களை யாரும் பாக்கல.”

அந்தக் காலத்துச் செய்திப்படத்தில் ஒருத்தி ஓடுகிறாள். அவள் முகத்தை மட்டும் போட்டோவாக எடுத்துக் காட்டியபோது, அம்மாதான் என்று அவரும் ஊர்ப் பெரியவர்களும் அடையாளம் சொன்னார்கள்.

மாசிலாமணி அந்தப் பேச்சை அடுத்து அவள் ஓடுவதை மூன்று விநாடி வைத்தார். ஒரு சிக்கல். மற்ற காட்சிகளில் ஊரே இடமிருந்து வலமாக ஓடுகிறது. அவள் மட்டும் வலமிருந்து இடமாக. கேமராமேன் எதிர்ப்பக்கம் நின்று எடுத்திருப்பார் என்று நினைத்து, கண்ணாடியில் தெரிவதுபோல் படத்தை இடவலம் மாற்றிவிட்டார். கச்சிதமாகப் பொருந்தியது.

“பழைய படத்தை இப்படித் திருப்பிப் போடலாமா மேடம்?”

“முந்தானை எந்தத் தோள்ல இருக்கு சார்?”

இடது தோளில் இருக்க வேண்டியது வலது தோளில் இருந்தது. மாசிலாமணி அசடு வழிந்தார். ஆனாலும் விடவில்லை. முகம் மட்டும் தெரியும்படி படத்தைப் பெரிதாக்கினார்.

“இப்ப யாருக்குத் தெரியும்?”

“யாருக்கும் தெரியாது. இதை முழுசாப் பாத்தீங்களா?”

“தேவையானதை மட்டும் எடுத்துக்கிட்டேன்.”

“முழுசாப் போடுங்க. திருப்பாம.”

சத்தமில்லாத கறுப்பு வெள்ளைப் படம். அவள் இடப்பக்கமாக ஓடுகிறாள். கேமரா கூடவே திரும்புகிறது. எதிரே கூட்டம் கூட்டமாக ஆட்கள் வருகிறார்கள். ஒருவர் அவள் கையைப் பிடித்து இழுக்கிறார். உதறிவிட்டு ஓடுகிறாள். அவளுக்கு முன்னால் குடிசைகள், அதற்கும் அந்தப் பக்கம் கடல்.

மாசிலாமணி மறுபடி போட்டுப் பார்த்தார்.

“கடலைப் பாத்துல்ல ஓடறாங்க… பிள்ளையைத் தேடிப் போறாங்க மேடம்.”



 ஊர் சொன்ன பழிக்குத் தன் கையாலேயே சாட்சி தயார் செய்து வைத்திருக்கிறோமே என்று மாசிலாமணி வெட்கப்பட்டார். முகத்தைத் துடைத்துக்கொண்டு படத்தைப் பழையபடி மாற்றினார்.

“இதை எந்த இடத்துல வெட்டறது மேடம்?”

“சனிக்கிழமைக்கு முன்னாடி அந்தோணிராஜைக் கூட்டிட்டு வாங்க. முழுசாப் போட்டுக் காட்டுங்க. அவர் எங்க போதும்னு சொல்றாரோ, அங்க வெட்டிக்கலாம்.”