கழுவாத கத்தி

மேற்க மலை, கிழக்க கம்மாய், நடுவுல ஒரு மண்கோட்டை. அந்தக் கோட்டையில வீரப்பெருமாள்னு ஒரு ராசா இருந்தானாம். ராசான்னா பெரிய ராசா எல்லாம் இல்ல, ஒரு வெத்தலையப் போட்டு மென்னு துப்புறதுக்குள்ள அவன் நாட்டை ஒரு சுத்து சுத்தி வந்துரலாம். ஆனா வீம்பு இருக்கே, அது நாலு ராசாவுக்குக் காணும். ம் கொட்டுங்க. ம் கொட்டலைன்னா நான் கதையச் சுருட்டி வச்சுட்டுப் படுத்துருவேன், பாத்துக்கங்க.

அந்த ராசாகிட்ட ஒரு கத்தி இருந்துச்சாம். அவன் பாட்டன் சண்டையில செயிச்ச கத்தி. செயிச்சு வந்தவன் குதிரையில இருந்து எறங்குன கையோட, ரத்தமும் நிணமுமா அதை லாயத்துத் தரையில குத்தி வச்சு, "இதைக் கழுவுனா நம்ம செயமும் சேந்து கழுவிக்கிட்டுப் போயிரும்"னு சொல்லிட்டானாம். அன்னைல இருந்து அதுல ஒருத்தன் ஒரு சொட்டுத் தண்ணி ஊத்தல. குதிரைச் சாணியிலயும் மூத்திரத்துலயும் குத்துன எடத்துலயே நின்னுச்சு. வெளிய எடுக்குறது ஒரே ஒரு காரியத்துக்குத்தான். நாட்டுல எந்த வீட்டுல பிள்ளை பொறந்தாலும் சேவகன் அந்தக் கத்தியக் கொண்டாருவான், அதை வச்சுத்தான் தொப்புள்கொடி அறுக்கணும். அப்படி அறுத்தாத்தான் அது ராசாவோட குடி. இல்லைன்னா அந்தப் பிள்ளைக்கு நாட்டுல குடிக்கத் தண்ணி கெடையாது, உழ நெலம் கெடையாது, செத்தா பொதைக்க எடமும் கெடையாது.

பிள்ளைக பொறந்துச்சு, கத்தி வந்துச்சு, கொடிய அறுத்தாக. அப்புறம் என்ன ஆச்சுங்குறீங்க, பேர் வைக்கிறதுக்குள்ள பிள்ளை பால் குடிக்கிறதை நிறுத்திரும். வாய் கிட்டிச்சுப் போயிரும். வெளிச்சம் பட்டா வெறைக்கும், சத்தம் கேட்டா வெறைக்கும், பெத்தவ கை பட்டாலும் வெறைக்கும். தாய்க்காரி பால் கட்டிக்கிட்டு அழுவா, பிள்ளைக்கு அழக்கூட வாய் தொறக்காது. அப்புறம் கம்மாக்கரையில ஒரு சின்னக் குழி. எல்லாப் பிள்ளையும் போயிரல, தப்புனதும் உண்டு. ஆனா அந்தக் கரையில நடக்குறவுக காலைப் பாத்துப் பாத்துத்தான் வைப்பாக.

யாரைக் குத்தஞ் சொல்றது? கத்தியச் சொல்ல முடியுமா? மருத்துவச்சியத்தான் சொன்னாக. மொத மருத்துவச்சிய மொட்டையடிச்சு வெரட்டுனான் ராசா. ரெண்டாவது மருத்துவச்சிக்கு ரெண்டு கையிலயும் சூடு வச்சு எல்லைக்கு அந்தாண்ட தள்ளுனான். மூணாவது மருத்துவச்சியச் சுண்ணாம்புக் காளவாசல்ல போட்டான். காளவாசல்னா என்னன்னு தெரியுமில்ல, சுண்ணாம்புக்கல்லைப் போட்டுச் சுடுற பெரிய சூளை. ஆமா, உசுரோடதான். கேட்டீகள்ல, அப்ப மூஞ்சியப் பொத்தாம கேளுங்க.

அதுக்கப்புறம் அந்த வேலைக்கு வந்தவதான் ஒச்சாயி. புருசன் இல்லாதவ. ஒரே மக, பொன்னாத்தா. அந்தப் பொன்னாத்தாவோட தலைப்பிள்ளை கம்மாக்கரையில கெடக்கு. இப்ப மறுபடி வாயும் வயிறுமா இருக்கா. ராசா ஒச்சாயியக் கூப்பிட்டு, "இனிமே ஒரு பிள்ளை வாய் கிட்டிச்சாலும் உனக்கும் காளவாசல்தான்"னுட்டான். மகளுக்கு மாசம் ஏற ஏற, ஒச்சாயிக்குச் சோறு எறங்கல.

அந்தச் சமயத்துல ராசா புதையல் பாக்க ஒரு மைக்காரனைக் கூட்டியாந்தானாம். மைய ரெண்டு கண்ணுலயும் இட்டா பூமிக்குள்ள பொதச்சது தெரியும்பாங்கள்ல, அந்த மை. அவன் இட்டுப் பாத்தான், ஒண்ணும் தெரியல. ராசா சவுக்கால வெளுத்து வெளிய தள்ளிட்டான். அவன் ஒச்சாயி வீட்டு வேலியோரம் வந்து விழுந்தான். இவ தூக்கி உக்கார வச்சு, முதுகைக் கழுவிவிட்டு, கஞ்சி ஊத்துனா.

கஞ்சியக் குடிச்சவன் இடுப்புல இருந்து ஒரு சிமிழை எடுத்துக் குடுத்தான். "ஆத்தா, மை கூட்டும்போது எனக்குப் பக்குவம் தப்பிப் போச்சு. பொன்னைக் காட்ட மாட்டேங்குது. கண்ணுக்குத் தெரியாத பொடிசைத்தான் பெருசு பெருசாக் காட்டுது. அதை வச்சு நான் என்ன பண்ண? நீ வச்சுக்க."

அவன் போனதும் ஒச்சாயி துளி எடுத்து இட்டுக்கிட்டா. மொதல்ல வேலியில இருந்த வேப்பிலையப் பாத்தா. இலையா அது, தேன்கூடு கணக்கா அறை அறையா இருக்கு, ஒவ்வொரு அறைக்குள்ளயும் பச்சை உருண்டைக மெதுவா ஊர்ந்துக்கிட்டிருக்கு. அப்புறம் விரல்ல முள்ளு கீறுன எடத்துல கசிஞ்ச ரத்தத்தைப் பாத்தா. செவப்பு வட்டில் வட்டிலா ஓடுது, நடுவுல வெள்ளையா ஒரு காவக்காரன் நெளிஞ்சு நெளிஞ்சு வந்து ஒரு அழுக்கைப் பிடிச்சு முழுங்குறான். உங்க பள்ளிக்கூடத்துப் புத்தகத்துல செல்லுன்னு போட்டிருக்காமே, அதுதான் இது. எலையும் அதால கட்டுனதுதான், நீங்களும் அதால கட்டுனதுதான். ரொம்பப் பெருமைப்பட்டுக்காதீக.

அப்புறம் தயிர்ச் சட்டியப் பாத்தா. குச்சி குச்சியாவும் மணி கோத்த மாதிரியும் ஒரு பெருங்கூட்டம், அவ்வளவும் உசுரு. "என்ன பண்றீக?"ன்னு கேட்டா. "பாலைத் தயிராக்குறோம். நீ குனிஞ்சு வெளிச்சத்தை மறைக்காத"ன்னுச்சாம் அதுல ஒண்ணு. ஒச்சாயிக்குச் சிரிப்பு வந்துருச்சு. கிருமின்னா எல்லாம் கெட்டதுன்னு நெனைக்காதீக, நீங்க மத்தியானம் தின்ன தயிர்சோறு அதுக போட்ட பிச்சை.

சிரிச்சவளுக்குச் சுருக்குனு ஒண்ணு தோணுச்சு. சேவகங்க சாப்பிடப் போன உச்சிவெயில் நேரமாப் பாத்து லாயத்துக்குள்ள போயிக் கத்திகிட்ட குனிஞ்சா. பாத்தா, கத்தி முழுக்கக் குச்சிக. ஒவ்வொரு குச்சிக்கும் ஒரு நுனியில கொண்டை. கொண்டைக்குள்ள சுருண்டு படுத்துத் தூங்குதுக.

"நீங்க யாரு?"ன்னு கேட்டா.

"தூங்குறவுக."

"என் பேரப்பிள்ளையக் கொன்னது நீங்களா?"

"எங்களுக்குப் பிள்ளையும் தெரியாது, கொல்றதும் தெரியாது. காத்துப் படாத சதை கெடைச்சா முழிப்போம். முழிச்சாப் பெருகுவோம். பெருகுனா எங்க மேல இருந்து ஒரு வெசம் கசியும், அது நரம்பைப் பிடிச்சு இழுக்கும். அவ்வளவுதான் எங்களுக்குத் தெரியும்."

"தண்ணிய ஊத்துனா?"

"தூங்குவோம்."

"கொதிக்கிற வெந்நிய ஊத்துனா?"

"நல்லாப் போத்திக்கிட்டுத் தூங்குவோம்."

"நெருப்புல செவக்கச் செவக்கக் காய்ச்சுனா?"

"அப்ப முழிக்கவே மாட்டோம்."

ஒச்சாயி நேரா ராசாகிட்ட ஓடுனா. "சாமி, பேயுமில்ல, பில்லியுமில்ல. கத்தியில குடியிருக்கு சாவு, நெருப்புல காய்ச்சுனாத்தான் போகும். நான் சொல்றதை நம்ப வேணாம், நீங்களே பாருங்க"ன்னு சிமிழை நீட்டுனா. மிச்சம் இருந்ததை வழிச்சு ராசாவும் இட்டுக்கிட்டான். கத்தியக் கொண்டாரச் சொல்லிப் பாத்தான். ரொம்ப நேரம் பாத்தான். அவன் கண்ணுல தண்ணி வந்துருச்சு.

ஒச்சாயி நெனைச்சா, புரிஞ்சுபோச்சு, இனி பிள்ளைக பொழைச்சிரும்னு.

ராசா சொல்றான், "ஒச்சாயி, இது என் பாட்டனோட படை. ஒவ்வொருத்தனும் கையில தடிய வச்சுக்கிட்டு இன்னும் காவல் நிக்கிறான் பாரு. இவங்களையா நெருப்புல போடச் சொல்ற?"

என்னத்தச் சொல்ல. கண்ணுக்கு மை இருந்துச்சு, மண்டைக்கு மை இல்ல.

பொன்னாத்தாவுக்கு வலி கண்டுச்சு. சேவகன் கத்தியோட வந்தான். பிள்ளை பெறுற அறைக்குள்ள ஆம்பளை வரக்கூடாதுல்ல, வாசலை மறைச்ச ஓலைப் படலுக்கு மேல நீட்டுனான். ஒச்சாயி வாங்கி ஒரு மூலையில சாத்தி வச்சா. அடுப்புல அவ கதிரறுக்குற பண்ணறுவா தணலாச் செவந்து கெடந்துச்சு. கையத் தேச்சுக் கழுவி, அறுவாள ஆறவிட்டு, அதால கொடிய அறுத்தா. கத்தியில கொஞ்சம் ரத்தத்தைத் தடவித் திருப்பி நீட்டுனா. பொன்னாத்தா, "ஆத்தா, யாருகிட்டயும் சொல்லிறாத"ன்னா. பயம். ஒச்சாயியும் சொல்லல.

பிள்ளை பால் குடிச்சுச்சு. பேர் வச்சாக. தொட்டில்ல கெடந்து காலை உதைச்சுச்சு.

ராசா ஊரைக் கூட்டி, "பாத்தீகளா, மருத்துவச்சி மக பிள்ளையே என் கத்தியால பொழைச்சிருக்கு. கத்தியவா குத்தஞ் சொன்னா இவ?"ன்னான். சனமும் ஆமா ஆமான்னுச்சு. கத்திக்கு மாலை போட்டாக. ஒச்சாயி தலையக் குனிஞ்சுக்கிட்டு நின்னா. அப்பவாச்சும் வாயத் தொறந்திருக்கணும். தொறக்கல. பேரனைக் காப்பாத்துன பொய்யி, கத்தியவும் சேத்துல்ல காப்பாத்திருச்சு.

அடுத்தாப்புல ராணிக்கே வலி வந்துச்சு. பல வருசம் கழிச்சுத் தரிச்ச பிள்ளை. நாட்டுக்கு வாரிசுன்னு ராசாவோட அக்காக்காரியே கத்தியப் பிடிச்சுக்கிட்டு அறைக்குள்ள நின்னுட்டா. ஒச்சாயி கெஞ்சுனா, "அம்மா, ஒரு தடவை தணல்ல காட்டிருங்க." அக்காக்காரி காதுல வாங்கல. தன் கையாலயே அறுத்தா.

பேர் வைக்கிற நாளைக்கு முன்னாடி வாய் கிட்டிச்சுப் போச்சு. வெளிச்சத்துக்கு வெறைச்சுச்சு, சத்தத்துக்கு வெறைச்சுச்சு, ராணி கை பட்டதுக்கும் வெறைச்சுச்சு. கம்மாக்கரையில இன்னொரு குழி.

ராணி அழல. வெறுந் தொட்டிலுக்குப் பக்கத்துல உக்காந்து ஒச்சாயியக் கூப்பிட்டுவிட்டா. "உன் பேரன் நல்லாருக்கானா?"

"இருக்கான் தாயி."

"அவனுக்கு எந்தக் கத்தியில அறுத்த?"

ஒச்சாயி இந்தத் தடவை மறைக்காமச் சொல்லிட்டா. "என் அறுவாளத் தீயில காய்ச்சி அதுல அறுத்தேன் தாயி. ராசா கத்தி மூலையில இருந்துச்சு. வெளிய சொல்லாம விட்டுட்டேன்."

வாசல்ல நின்ன ராசா காதுல அது விழுந்துருச்சு. கொடி அறுத்த பெறகு லாயத்துக்குப் போகாம வாசல்லயே சாத்திக் கெடந்த பாட்டன் கத்தியத் தூக்கிக்கிட்டு உள்ள பாஞ்சு ஓங்கி வீசுனான். ஒச்சாயி வெலக, கத்தி வெறுந் தொட்டில் சீலையில சிக்கிச்சு. ஆத்திரத்துல வெடுக்குனு இழுத்தான், அது திரும்பி வந்து அவன் தொடையிலயே ஆழமா எறங்குச்சு.

மருத்துவச்சி புத்தி போகுமா? "சாமி, காயத்தை அகலத் தொறந்து நல்லாக் கழுவணும். மண்ணை வச்சுக் கட்டிறாதீக"ன்னா ஒச்சாயி. ராசா அவளைக் கட்டிப்போடச் சொன்னான். காளவாசலை மூட்டச் சொன்னான். பாட்டன் கத்தி பட்ட காயத்துக்குப் பாட்டன் லாயத்து மண்ணுதான் மருந்துன்னு அக்காக்காரி சாணிமண்ணை அப்பி இறுக்கிக் கட்டுனா. காத்துப் படாத சதை, நல்ல இருட்டு. தூங்குனவுக முழிச்சாக.

காளவாசல் லேசுல சூடேறுமா? கல்லை அடுக்கணும், வெறகை அடுக்கணும், நாள்கணக்கா எரியணும். அது செவந்து தயாரானப்ப சேவகங்க ஒச்சாயியச் சூளை வாசல்ல நிறுத்திட்டு ராசாகிட்ட வந்தாக. ராசா வாயிலிருந்து போடுன்னு ஒரு சொல்லு வரணும், அதுதான் மொறை.

"ராசா, போட்டுரவா?"

ராசாவுக்குப் பல்லு கிட்டிச்சிருந்துச்சு. மூஞ்சி சிரிக்கிற மாதிரி இழுத்துக்கிட்டு நின்னுச்சு.

"ராசா, போட்டுரவா?"

அந்தச் சத்தத்துக்கு உடம்பு வெறைச்சு வில்லா வளைஞ்சுச்சு. குதிகாலும் பின்மண்டையும்தான் கட்டில்ல பட்டுச்சு.

"ராசா, போட்டுரவா?"

கண்ணு மட்டும் உருண்டுச்சு. புத்தி தெளிவா இருந்துச்சாம் அவனுக்கு, அந்த நோவுல அதுதான் பெரிய கொடுமை. செத்த பிள்ளைகளுக்கும் அப்படித்தானே இருந்திருக்கும். நாட்டையே ஒத்தை வாயால ஆட்டுனவனுக்கு ஒரு சொல்லுக்கு வாய் தொறக்கல.

கட்டிலுக்குப் பக்கத்துல உக்காந்திருந்த ராணி எந்திரிச்சா. "ராசா ஒண்ணும் சொல்லலை. அவளை அவுத்து விடுங்க"ன்னா. கத்தியத் தானே எடுத்துக்கிட்டுப் போனா. ஒச்சாயிக்காக மூட்டுன அதே நெருப்புல விட்டெறிஞ்சா. ரத்தம், சாணி, கொண்டை வச்ச படை, பாட்டன் செயம் எல்லாம் செவந்து வெந்து ஒண்ணுமில்லாமப் போச்சு. பொழுது சாயுறதுக்குள்ள ராசாவும் போயிட்டான்.

அதுக்கப்புறம் அந்த நாட்டுல கொடி அறுக்குற இரும்பு எதுவானாலும் தணல்ல செவந்துதான் வெளிய வரும், அறுக்குற கையும் தேச்சுக் கழுவித்தான் உள்ள வரும். கம்மாக்கரையில புதுக் குழி தோண்டுறது நின்னுபோச்சு. ஆனா ராணி அதுக்கப்புறம் ஒச்சாயி மூஞ்சியில முழிக்கல. ஒச்சாயியும் தப்பா எடுத்துக்கல. பேரனை இடுப்புல வச்சுக்கிட்டு அந்தக் கரைக்குப் போவா, மக பிள்ளை குழிமேட்டுல ஒரு பூ வைப்பா, ராணி பிள்ளை குழிமேட்டுல ஒரு பூ வைப்பா, கொஞ்ச நேரம் உக்காந்திருந்துட்டு வருவா.

தெரியாம செய்யிறவனுக்காச்சும் மன்னிப்பு உண்டு. அந்த ராசா கண்ணாலயே பாத்தான், பாத்ததைத் தனக்குத் தோதாச் சொல்லிக்கிட்டான். அதுக்குத்தான் அந்தச் சாவு. கத்தி வெந்துபோச்சு, கதையும் வெந்து எறங்கிருச்சு. மண்ணுல வெளையாடி முட்டியச் சிராச்சுக்கிட்டு மறைச்சுக்கிட்டிருக்கியே, நீதான், எந்திரி. போயிச் சோப்புப் போட்டுக் கழுவிட்டு வா. நாளைக்கு ஆசுபத்திரிக்குப் போயி அந்த வெசம் ஏறாம இருக்க ஊசி போட்டுக்கிட்டு வருவோம்.