ஈந்தம்பனை இரவல் கொடுத்த உறை

அந்தக் காலத்தில், மரங்கள் நின்ற இடத்திலிருந்தே ஊர்க்கதை பேசிக்கொண்டிருந்தபோது, ஒரு மலைச்சரிவில் ஈந்தம்பனை ஒன்று இருந்தது. பார்க்கப் பனை மாதிரி இருந்தாலும் அது பனை இல்லை. பூவும் பூக்காது. அதன் கணவன் மரம் ஓடைக்கு அந்தப் பக்கம் நின்றது. உச்சியில் பெரிய கூம்பு ஒன்றை வைத்து மணம் பரப்பும். வண்டுகள் அந்தக் கூம்பின் தூளை உடம்பெல்லாம் பூசிக்கொண்டு வந்து மனைவியிடம் சேர்க்கும். விதை முற்ற ஒரு வருடம் ஆகும். அதுவரை ஈந்தம்பனை தன் விதைகளைப் பூனைமுடி போன்ற பழுப்பு உறையில் பொதிந்து வைத்திருக்கும்.

ஓர் ஆடி மாதம், கிழங்கு தோண்ட வந்த மருதிக்கு அந்த மரத்தடியிலேயே பெண் குழந்தை பிறந்தது. சாரல் நிற்கவில்லை. குழந்தையின் உதடு நீலமாகிக்கொண்டிருந்தது.

"பலா அண்ணே, பிள்ளைக்குப் போர்த்த ஏதாவது குடேன்" என்றாள் மருதி.

"என் தோலையா? பிள்ளையைக் குத்திடுமே" என்றது பலா.

ஈந்தம்பனை தன் உறையைக் கழற்றிப் போட்டது. "மழை விட்டதும் குடுத்துடு மருதி. என் பிள்ளைங்க அம்மணமா நிக்குது."

மழை விட்டது. மரம் உறையைக் கேட்டது.

"பிள்ளை இப்பதான் கண்ணசந்தா அக்கா. நாளைக்குத் தரேன்."

மறுநாள், "ஈரமா இருக்கு, காயட்டும். நாளைக்கு" என்றாள்.

மருதி கெட்டவள் இல்லை. அந்த உறை இல்லாமல் குழந்தை தூங்காது, அவ்வளவுதான். இப்படியே ஏழு வருடம் போனது. வருடாவருடம் விதைகள் இலை விளிம்பில் உறையில்லாமல் நின்றன. பன்றியும் அணிலும் ஒன்றுகூட மிச்சம் வைக்கவில்லை. மரத்தடியில் ஒரு கன்றும் முளைக்கவில்லை.

ஏழாம் வருடம் மரம் கேட்பதை நிறுத்திக்கொண்டது. மண்ணின் ஆழத்திலிருந்து நஞ்சை உறிஞ்சி விதைகளில் நிரப்பியது. தின்ற பன்றி சுருண்டு விழுந்தது.

அடுத்த ஆடியில், பசி பொறுக்காமல் மருதியின் மகள் வெள்ளச்சி ஒரு விதையைக் கடித்துத் தின்றாள். வாந்தியெடுத்து மயங்கினாள். கிழிந்துபோன உறையில் மகளைச் சுற்றித் தூக்கிக்கொண்டு மருதி ஓடிவந்தாள்.

"இந்தா அக்கா, உன் உறை. என் மகளைக் குடுத்துடு."

தன் காலடியில் பிறந்தவளை மரம் குனிந்து பார்த்தது. "ஒண்ணுதானே தின்னா? வாந்தியும் எடுத்துட்டா. பொழைச்சுக்குவா. பக்கத்திலேயே இரு."

பொழுது சாயும்போது வெள்ளச்சி கண் திறந்தாள். மருதி அழுது முடித்துவிட்டு மெல்லக் கேட்டாள்:

"அந்த நஞ்சை எடுத்துடேன் அக்கா. கிழங்கும் அத்துப்போச்சு. ஆடியில நாங்க வேற என்னத்தைத் திங்கிறது?"

"எடுத்தா பன்னி வரும். விதையை நறுக்கி ஓடுற தண்ணியில போடு. ஏழு நாள் கிடக்கட்டும். பிறகு காயவெச்சு இடிச்சுக்கோ."

"ஏழு நாளா? பிள்ளை பசியில கிடக்காளே!"

"நான் ஏழு வருஷம் கேட்டேன், மருதி."

மருதி கிழிந்த உறையை எடுத்து இலைகளில் ஒட்டவைத்தாள். விதைகளை மூட அது போதவில்லை.

அன்று முதல்தான் ஈந்தம்பனையின் விதைகள் மூடாத மேனியோடு இலை விளிம்பில் உட்கார்ந்திருக்கின்றன. அவற்றைத் தாங்கும் இலையில் மட்டும் கொஞ்சம் பழுப்பு முடி இருக்கிறது. அன்று முதல்தான் அந்த மலைப் பெண்கள் விதையை நறுக்கி ஏழு நாள் ஓடையில் போடுகிறார்கள். பசித்த பிள்ளைகள் கரைக்கு வந்து "எப்பம்மா?" என்று கேட்டால், "நாளைக்கு" என்று யாரும் சொல்வதில்லை. இன்னும் எத்தனை நாள் என்று விரல்களை விரித்துக் காட்டுகிறார்கள்.