காபி ரொம்ப நல்லாருக்குங்க

"வாத்தியாரே, தம்பி என்கூடப் பேசமாட்டேங்கிறான். போன் போட்டா எடுக்கறதே இல்ல."

சவரிமுத்து வாத்தியார் மூக்கைப் பிடிச்சுக்கிட்டார். "நீங்கள் அழைக்கும் நபர் தற்போது கோபமாக இருக்கிறார்."

மிமிக்ரி வாத்தியார்கிட்ட அழப் போனா இதான் கிடைக்கும்.

அவர்கிட்ட மிமிக்ரி கத்துக்கற சொர்ணலதாவுக்குச் சிரிப்பு வரல. பொண்ணு பாக்கப் போறதுக்கு முந்தின நாள் தம்பி முத்தரசு கண்ணாடி முன்னாடி நின்னு, "காபி ரொம்ப நல்லாருக்குங்க"ன்னு விதவிதமா சொல்லிப் பாத்தான். அதை இவ அப்படியே நடிச்சு வீடியோ போட்டுட்டா. ஊரே பாத்துச்சு. இப்ப அவன் மெக்கானிக் ஷெட்டுக்கு வர்றவன் எல்லாம் அதையே சொல்லித்தான் வண்டிய நிறுத்தறான்.

"அழிச்சிட்டேன் வாத்தியாரே. ஆனா எல்லார் போன்லயும் இருக்கே!"

"போடறதுக்கு முன்னாடி அவனுக்குச் செஞ்சு காட்டுனியா?"

அது வாத்தியார் போட்ட சட்டம். யார் குரலை எடுத்தாலும் முதல் ஷோ அந்த ஆளுக்குத்தான்.

"வீட்டு ஆள்தானேன்னு..."

வாத்தியார் குக்கர் மாதிரி ஒரு விசில் விட்டார்.

"உன் போனைக் கொண்டுபோய் அவன் கையில குடு. உன்னை மாதிரி நடிச்சு, உன் சேனல்லயே போடச் சொல்லு."

"ஐயோ! என் வண்டவாளம் மொத்தமும் அவனுக்குத் தெரியும் வாத்தியாரே!"

"ரைட்ட்ட், போலாம்!" இது கண்டக்டர் குரல்.

ஷெட்டுல முத்தரசு நிமிர்ந்துகூடப் பாக்கல. அவ விஷயத்தைச் சொல்லி போனை நீட்டினா. கிரீஸ் கையப் பழைய வேட்டித் துணியில துடைச்சான். போனை வாங்கி, தன் மூஞ்சிக்கு நேரா ஒரு பைக் மேல சாய்ச்சு வெச்சான்.

கண்ணை மூடிக் கும்பிட்டான். அப்படியே அவ குரல்.

"முருகா, மேடையில எனக்குக் குரல் வரணும். மொட்டை போட்டுக்கறேன்... வேணாம், முடி நீளமா இருக்கு. பூ முடி தர்றேன்... அதுவும் வேணாம். முருகா, தம்பிக்கு மொட்டை!"

சொர்ணலதாவுக்குத் தூக்கிவாரிப் போட்டுச்சு. முதல் மேடை அன்னைக்கு, பாத்ரூம் கதவைச் சாத்திக்கிட்டு வேண்டினது அது.

"டேய்... அப்ப நீ மொட்டை போட்டுக்கிட்டு வந்தியே? பேனுன்னு சொன்னியே?"

"பேன்தான்."

ரெண்டு பேரும் வயித்தைப் பிடிச்சுக்கிட்டுச் சிரிச்சாங்க.

அவ கண்ணைத் துடைச்சா. "சரி. போட்டுக்கோ."

"எதைப் போட? போன் ஆஃப்ல இருக்கு." எடுத்து அவ கையில குடுத்தான். "காபி சொல்லட்டாக்கா?"

சொர்ணலதா வாயைத் திறந்தா.

மூடிக்கிட்டா.

தலைய மட்டும் ஆட்டினா.