கொத்தவால் சொன்ன ஆரூடம்

ஊர்க்காவல் பார்க்கும் கொத்தவாலுக்குத் தொந்தி பெரிது. பாவைக்கூத்து நடத்தும் கணபதிராவின் கோமாளிப் பொம்மைக்கும் தொந்தி பெரிது. வந்தது வினை! "தேர்த் திருவிழாவில் இவன் கூத்துப் போட்டால் கலவரம் வெடிக்கும்" என்று சொல்லி, ஒரு குற்றமும் செய்யாதவனை முன்கூட்டியே சிறையில் தள்ளிவிட்டார் கொத்தவால்.

அவன் பெண்டாட்டி அம்புஜாபாய் நேரே ராஜாவின் சபைக்குப் போய் முறையிட்டாள்.

"நடக்கப்போவதை முன்பே அறிந்து தடுப்பதுதான் என் வேலை, மகாராஜா!" என்று மீசையை முறுக்கினார் கொத்தவால்.

அம்புஜாபாய் அவரைப் பணிவாகக் கும்பிட்டாள். "அப்படியானால் ஒன்று சொல்லுங்கள், எசமான். இந்த வழக்கில் மகாராஜா இப்போது என்ன தீர்ப்புச் சொல்லப்போகிறார்?"

கொத்தவால் மீசையிலிருந்து கையை எடுத்தார். "மகாராஜா மனசில் இருப்பது எனக்கு எப்படித் தெரியும்?"

"பக்கத்திலேயே நிற்கிறீர்கள், அது தெரியவில்லை. கம்பிக்குள் கிடக்கிற என் வீட்டுக்காரர் திருவிழாவில் செய்யப்போவது மட்டும் தெரிந்துவிட்டதாக்கும்!"

ராஜா சிரித்துவிட்டார். கணபதிராவ் அன்றே வெளியே வந்தான்.

திருவிழாவில் கோமாளிப் பொம்மை தொந்தியைத் தடவிக்கொண்டு, "நாளைக்கு நடப்பதெல்லாம் எனக்குத் தெரியும்!" என்று சொல்லி, அடுத்த அடியிலேயே குழிக்குள் விழுந்தது. ஊரே விழுந்து விழுந்து சிரித்தது.

கொத்தவால் பயந்த கலவரம் அதுதான்.