கீழப் பஞ்சாரங்குளம் வண்டி

கடவுள்தான் இந்த உலகத்தைப் படைத்தார் என்பதில் எங்கள் ஊரில் யாருக்கும் பெரிய சந்தேகம் கிடையாது. ஆவுடையப்பனுக்கு மட்டும் அதில் சின்ன மனக்குறை உண்டு. வேலையைத் தொடங்கும் முன்பு தன்னிடம் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம் என்பது அவர் கட்சி.

ஆவுடையப்பன் எங்கள் பஸ் ஸ்டாண்டில் டைம் கீப்பராக இருந்து ஓய்வு பெற்றவர். கோழிக்கூண்டு மாதிரி ஒரு அறை, ஒரு கடிகாரம், ஒரு மைக். "கடையநல்லூர், புளியங்குடி, வாசுதேவநல்லூர் செல்லும் பயணிகள்" என்று ஆயுள் முழுக்கக் கூவிய தொண்டை, வேலை முடிந்தும் ஓயவில்லை. ஞாயிற்றுக்கிழமை காலையானால் பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே இருக்கிற பேச்சிமுத்து சலூனில் வந்து உட்கார்ந்துவிடுவார். தலையில் வெட்டுவதற்கு முடி இல்லை என்பது அவருக்கும் தெரியும், பேச்சிமுத்துவுக்கும் தெரியும். அதனால் முகத்தை மட்டும் கொடுப்பார்.

அன்றைக்கு நான் போனபோது ஆவுடையப்பன் நாற்காலியில் சாய்ந்திருந்தார். முகம் முழுக்க நுரை. பெஞ்சில் ஞானசிகாமணி வாத்தியார் பேப்பர் படித்துக்கொண்டிருந்தார். வாத்தியார் பள்ளிக்கூடத்தில் பூகோளம் நடத்தியவர். எந்த ஊர் எங்கே இருக்கிறது என்பதில் இன்றைக்கும் ரொம்பக் கண்டிப்பு. பேப்பரில் ஒரு வெளிநாட்டுக்காரனைப் பற்றிப் போட்டிருந்தது. கற்பனையாகவே ஒரு நாட்டை உண்டாக்கியிருக்கிறானாம். மலை, ஆறு, பாஷை, பண்டிகை எல்லாம் அவனே யோசித்துச் செய்தானாம். என்ன மூளை பாருங்கள் என்று வாத்தியார் வியந்துவிட்டார். அங்கேதான் தப்பு நடந்தது.

நுரைக்குள்ளிருந்து ஒரு குரல் கேட்டது. "ஒத்த நாடுதானா?"

ஒரு கன்னத்தை மட்டும் முடித்திருந்த பேச்சிமுத்து கத்தியை எடுத்துவிட்டார். இதற்கு மேல் அந்தத் தாடை நிற்காது என்று அவருக்கு அனுபவம்.

ஆவுடையப்பன் சொன்ன கதை இது. ஒரு சித்திரை மாத மத்தியானம், புருசனும் பெண்டாட்டியுமாக இரண்டு பேர் அவர் கூண்டுக்கு முன்னால் நின்று சண்டை போட்டார்களாம். அவனுக்கு அவன் அம்மா ஊருக்குப் போக வேண்டும், அவளுக்கு அவள் அம்மா ஊருக்கு. சத்தம் தாங்காமல் இவர் மைக்கை எடுத்து, கீழப் பஞ்சாரங்குளம் செல்லும் பயணிகள் வடக்குக் கடைசியில் நிற்கும் வண்டியில் ஏறவும் என்று அறிவித்துவிட்டார். அப்படி ஒரு ஊர் கிடையாது. வீட்டில் அன்றைக்குக் கோழிக்குழம்பு; கோழியை நினைத்ததும் அதைக் கவிழ்த்து மூடுகிற பஞ்சாரம் வாயில் வந்துவிட்டது, அவ்வளவுதான். ஆனால் இரண்டு பேருக்கும் சொந்தக்காரர்கள் இல்லாத ஊர் என்றதும் சண்டை நின்றுபோனது. சமாதானமாகப் போய் ஏறினார்கள். அவர்களைப் பார்த்து ஒரு பஸ் நிறைய சனம் ஏறிவிட்டது.

"நம்ம சனம் பஸ்ஸப் பாத்தா ஏறும். எங்க போவுதுன்னு ஏறின பொறவுதான் கேக்கும்" என்றார் ஆவுடையப்பன்.

டிரைவர் எங்கே போனார் என்று கேட்டோம். எங்கெல்லாம் ரோடு நன்றாக இருந்ததோ அந்தப் பக்கமாகத் திருப்பினாராம். சாயங்காலம் வண்டி திரும்பியபோது டயரில் ஒட்டியிருந்த செம்மண் இந்த ஜில்லாவிலேயே கிடையாதாம்.

வாத்தியார் பேப்பரை மடித்தார். இல்லாத ஊருக்கு எப்படி வே வண்டி போகும் என்றார். அவர் பாடத்தில் சகாரா பாலைவனத்தை நடத்தினாரே, போய்ப் பார்த்துவிட்டா நடத்தினார் என்று ஆவுடையப்பன் திருப்பிக் கேட்டார். வாயால் சொன்னதுதானே, பிள்ளைகள் நம்பவில்லையா.  வாத்தியார் மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். அது நல்ல அறிகுறி அல்ல.

கதை அங்கே நின்றிருந்தால் பரவாயில்லை. மறுநாளே ஒரு ஆள் கூண்டுக்கு வந்து, கீழப் பஞ்சாரங்குளம் இருக்கிறதே, மேலப் பஞ்சாரங்குளம் எங்கே என்று கேட்டானாம். நியாயமான கேள்வி. கீழ இருந்தால் மேல இருந்துதானே ஆக வேண்டும். இவர் உடனே மைக்கில் மேலப் பஞ்சாரங்குளத்தையும் அறிவித்தார். அது வந்தது. பிறகு குடிக்கத் தண்ணீர் இல்லை என்று போனவர்கள் புகார் சொன்னார்கள். ஒரு ஆற்றை அறிவித்தார். அந்த நேரம் பார்த்துத் தும்மல் வந்துவிட்டதால் மலையில் புறப்பட்டுக் கடலில் கலக்கும் என்பதை மாற்றிச் சொல்லிவிட்டார். ஆறு கடலில் புறப்பட்டு மலைக்கு ஏற ஆரம்பித்தது.

தண்ணீர் உப்பாக இருக்குமே என்று நான் கேட்டேன்.

"கொழம்புக்கு உப்பு போடுத வேல மிச்சம்லா" என்றார்.

அந்த ஆற்றில் மீன் நீந்தாதாம், ஏறுமாம். உச்சிக்குப் போய் மூச்சு வாங்கிக்கொண்டு நிற்குமாம். ஆட்கள் கையால் எடுத்துக்கொண்டு வருவார்களாம். அதற்குள் வேறொரு பிரச்சினை வந்துவிட்டது. காக்காயைப் படைக்க மறந்துவிட்டார். அமாவாசைக்குச் சோறு வைத்த சனம் மத்தியானம் வரைக்கும் வானத்தைப் பார்த்துக்கொண்டு நின்றதாம். யாராலும் சாப்பிட முடியவில்லை. இங்கிருந்து ஒரு பஸ் நிறையக் காக்காயை ஏற்றி அனுப்பினார். காக்காய்க்கு அரை டிக்கெட்டா முழு டிக்கெட்டா என்று பேச்சிமுத்து விசாரித்தார். பறந்து போக வசதி இருந்தும் பஸ்ஸில் வந்ததால் முழு டிக்கெட்டாம்.

கொசுவும் நீங்கள்தானா என்று வாத்தியார் கேட்டார். அதைத் தான் படைக்கவில்லை, டிரைவர் சீட்டுக்கு அடியில் உட்கார்ந்து அதுவாகவே போய்விட்டது என்றார் ஆவுடையப்பன். எந்த உலகமானாலும் கொசு தன் சொந்த முயற்சியில் வந்துவிடும் என்பது அவர் கண்ட உண்மை.

வாத்தியாருக்கு இப்போது பொறுக்கவில்லை. அவர் பேசினால் வகுப்பு எடுப்பது மாதிரித்தான் இருக்கும். மலை, ஆறு, மீன், காக்காய் எல்லாம் ஏற்கெனவே ஆண்டவர் படைத்தது, நீர் அதை எடுத்து இடம் மாற்றி ஒட்டியிருக்கிறீர், இதற்குப் பேர் படைப்பு இல்லை என்று விளக்கினார். புதிதாக ஒரு பொருள், இந்த உலகத்தில் இல்லாத ஒரு பொருள் சொல்லும் பார்ப்போம் என்றார்.

ஆவுடையப்பன் ரொம்பப் பணிவாக ஒப்புக்கொண்டார். "அது வாஸ்தவம் சார். அவரு மெயின் காண்டிராக்டர். நான் சப் காண்டிராக்டர். சாமானெல்லாம் அவரு சப்ளைதான். ஆனா நம்ம ஊர்ல எந்த வேலய மெயின் காண்டிராக்டர் செஞ்சிருக்கான், சொல்லுங்க."

சலூனில் எல்லோரும் சிரித்துவிட்டார்கள். பேச்சிமுத்து மட்டும் சிரிக்கவில்லை. அவர் மச்சினன் பஞ்சாயத்தில் காண்டிராக்ட் எடுக்கிறவன்.

சிரிப்பு கிடைத்ததும் ஆவுடையப்பனுக்கு வேகம் கூடிவிட்டது. அந்த மெயின் காண்டிராக்டரே ஒருநாள் நேரில் வந்தார் என்றார். சாதாரண வேட்டி, தோளில் ஒரு துண்டு, கையில் மஞ்சப்பை. கூண்டுக்கு முன்னால் நின்று, கீழப் பஞ்சாரங்குளம் வண்டி எப்போது என்று கேட்டாராம். பார்த்த உடனே ஆவுடையப்பனுக்கு ஆள் யார் என்று விளங்கிவிட்டது. எப்படி விளங்கியது என்று நாங்கள் கேட்டதற்கு, தொழில்காரனுக்குத் தொழில்காரனைத் தெரியாதா என்றார். சோதனை போட வந்தீர்களா என்று பயந்துகொண்டே கேட்டாராம். வந்தவர் தலையை ஆட்டி, கொஞ்ச நாள் லீவு எடுக்க வந்தேன் என்றாராம். தன் ஊரில் இருந்தால் யாராவது எதையாவது கேட்டுக்கொண்டே இருக்கிறார்கள், உம்முடைய ஊரில் என்னை யாருக்கும் தெரியாதே என்றாராம்.

"ஆறு நாள்ல ஒலகத்தப் படச்சிட்டு ஏழாம் நாள் எங்க போயி ஓய்வு எடுத்தாருன்னு எனக்கு ரொம்ப நாளா சந்தேகம். இன்னைக்குத் தீந்துட்டு" என்றார் வாத்தியார்.

லீவில் போன மனுஷரால் நிம்மதியாக இருக்க முடியவில்லையாம். அவர் போன சமயத்தில்தான் இரண்டு பஞ்சாரங்குளத்துக்காரர்களும் ஆற்றுக்காக அடித்துக்கொண்டார்கள். எங்களிடம்தான் புறப்படுகிறது என்று கீழ ஊர். எங்களிடம்தான் வந்து சேருகிறது என்று மேல ஊர். வெட்டுக்குத்து வரைக்கும் போகிற நிலைமை. ஆவுடையப்பன் மைக்கைப் பிடித்து, இன்று முதல் ஆறு காலையில் மேலே ஏறும், சாயங்காலம் கீழே இறங்கும் என்று அறிவித்தார். அத்தோடு அடங்கியது. லீவில் வந்தவர் திரும்பி வந்து, இந்த யோசனை எனக்குத் தோன்றவில்லையே என்று கையைப் பிடித்துக்கொண்டாராம்.

இந்த இடத்தில் ஆவுடையப்பன் குரல் கொஞ்சம் இறங்கியது. எத்தனை செய்தும் எங்க வீட்டில் மட்டும் ஒத்துக்கொள்ளவில்லை என்றார். எங்க வீட்டில் என்றால் அவர் மனைவி உலகம்மாள். தினமும் சாயங்காலம் அந்த ஊரில் அன்று என்ன நடந்தது என்று இவர் சொல்லச் சொல்ல, அவள் கேட்டுக்கொண்டே வேலை பார்ப்பாளாம். ஒரே ஒரு கேள்விதான் கேட்டாளாம்: அங்கே பாத்திரம் யார் கழுவுகிறார்கள். இவர் யோசித்துப் பார்த்தார். அந்த ஏற்பாட்டைச் செய்யவே இல்லை. மறுநாள் அந்த ஊரில் பாத்திரம் அழுக்கே ஆகாது என்று அறிவித்துவிட்டு வந்து பெருமையாகச் சொன்னார். அவள் இங்கே கிடந்த குழம்புச் சட்டியை எடுத்து அவர் முன்னால் வைத்துவிட்டுப் போனாளாம்.

அப்புறம் அவளுக்கும் ஆசை வந்துவிட்டதாம். வேலை முடிந்ததும் அங்கேயே போய் இருந்துகொள்வோம் என்று இவர் வாக்குக் கொடுத்தார். கடைசி நாள் வந்தது. மாலை போட்டார்கள், துண்டு போட்டார்கள். உலகம்மாள் பெட்டியோடு வண்டியில் ஏறி, ஜன்னல் ஓரம் உட்கார்ந்து, பக்கத்து சீட்டில் இவருக்காகத் துண்டை விரித்து வைத்திருந்தாள். இவர் கடைசி முறையாகக் கீழப் பஞ்சாரங்குளத்தை அறிவித்துவிட்டு ஓடினார். கூண்டுக் கதவில் மாலை மாட்டிக்கொண்டது. அதை எடுப்பதற்குள் வண்டி கிளம்பிவிட்டது. புதிதாக வந்த டைம் கீப்பர் உண்மை விளம்பி. மைக்கை எடுத்து, அப்படி ஒரு ஊர் கிடையாது, பயணிகள் ஏமாற வேண்டாம் என்று சொல்லிவிட்டான். போன வண்டி போனதுதான். இங்கிருந்து போகிற ரோடு அழிந்துபோனது.

"அவ அங்கன இருக்கா. நான் இங்கன இருக்கேன்" என்றார் ஆவுடையப்பன். "நல்ல எடம். சௌகரியத்துக்குக் குறவில்ல."

யாரும் சிரிக்கவில்லை. உலகம்மாள் போன விஷயம் ஊருக்கே தெரியும். ஓய்வு பெற்று வீட்டில் உட்கார்ந்த மனுஷர் காலையிலிருந்து சாயங்காலம் வரை அறிவித்துக்கொண்டே இருந்தார். அவள் சொன்ன எதுவும் அவர் காதில் விழவில்லை. ஒருநாள் அவள் பெட்டியைத் தூக்கிக்கொண்டு கிளம்பிவிட்டாள்.

வாத்தியார் தொண்டையைச் செருமினார். இப்போது அவர் குரலில் வகுப்பு இல்லை.

"வே, போன வாரம் சுரண்டை சந்தையில உலகம்மாளப் பாத்தேன். தம்பி வீட்லதான் இருக்கா. அவிய நேரத்துக்குச் சாப்புடுதாவளான்னு ஒம்மப் பத்திக் கேட்டா."

ஆவுடையப்பன் கண்ணாடியில் தன் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு கன்னத்தில் நுரை காய்ந்து உதிர்ந்திருந்தது. 

"சுரண்டையா? அப்பிடி ஒரு ஊர நான் படைக்கவே இல்லையே."

பேச்சிமுத்து புதிதாக நுரை போட்டார். மிச்சக் கன்னத்தை ஒரே இழுப்பில் முடித்தார். துண்டை உதறி, எதிரே நின்ற வண்டியைக் கத்தி முனையால் காட்டினார்.

"அந்தா நிக்கது சுரண்டை வண்டிதான் அண்ணாச்சி. ஏறிப் போயிப் பாருங்க. ஊரு இல்லன்னா திரும்பி வந்து எங்களக் கேளுங்க."

போவார் என்று நாங்கள் நினைக்கவில்லை. சட்டையைச் சரி பண்ணிக்கொண்டு வெளியே போனார். வண்டிக்கு முன்னால் நின்று ஊர்ப் பலகையை எழுத்துக் கூட்டிப் படித்தார். நம்பிக்கை இல்லாதவர் மாதிரி டயரைத் தொட்டுப் பார்த்தார். டிரைவர் ஹாரன் அடித்ததும் ஏறிவிட்டார்.

அடுத்த ஞாயிறு அவர் வரவில்லை. சலூனில் நிம்மதியாக வேலை நடந்தது; எல்லோருக்கும் போரடித்தது. அதற்கடுத்த ஞாயிறு வந்து சேர்ந்தார். சுரண்டை இருக்கிறதா என்று வாத்தியார் கேட்டார்.

இருக்கிறது என்று ஒப்புக்கொண்டார். ஆனால் அந்த ஊரைச் செய்தவனுக்குக் கை பழக்கம் போதாது, ரோடு மோசம், தன் மச்சினன் அதைவிட மோசம், எல்லாவற்றையும் அவசரத்தில் செய்து விட்டிருக்கிறான் என்றார். உலகம்மாளை என்ன செய்தீர் என்று கேட்டதற்கு நிமிர்ந்து உட்கார்ந்தார். தான் போய் வாசலில் நின்றதுமே அந்த ஊர் நடுங்கிவிட்டதாகவும், ஒரே ஒரு வார்த்தைதான் சொன்னதாகவும், அவள் பெட்டியை எடுத்துக்கொண்டு பின்னாலேயே வந்துவிட்டதாகவும் சொன்னார்.

அவர் சொல்லி முடிக்கும் முன் வாசலில் உலகம்மாள் நின்றிருந்தாள். கையில் காய்கறிப் பை. எவ்வளவு நேரமாகக் கேட்டாளோ தெரியாது.

"அவிய ஒண்ணும் கூட்டிட்டு வரல" என்று பொதுவாக எல்லோருக்கும் சொன்னாள். "ரேஷன் கடையில கைரேகை வைக்காட்டா பேர எடுத்துருவோம்னு சொல்லிட்டாவ. அதுக்குத்தான் வந்தேன்."

பையைப் புருசன் மடியில் வைத்துவிட்டு, சீக்கிரம் வந்து சேருங்கள் என்று சொல்லி நடந்தாள்.

ஆவுடையப்பன் அவள் ரோட்டைத் தாண்டும் வரை பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு பையை இரண்டு கையாலும் பத்திரமாகப் பிடித்துக்கொண்டு எங்கள் பக்கம் குனிந்தார்.

"கைரேகை வைக்கணும்னு உத்தரவு போட்டது யாருன்னு நெனைக்கிய?"